சட்டைப் பை இருந்த பக்கம்

அப்பாவுக்குப் புதுச் சட்டை வாங்கியாகிவிட்டது. சாம்பல் நிறம், முழுக்கை, கடையில் போட்ட மடிப்பு இன்னும் கலையாதது. மாலையில் நடக்கவிருந்த ஆவணப்பட முன்னோட்டக் காட்சிக்கு அதை அணிந்துகொண்டு அவர் முதல் வரிசையில் உட்கார வேண்டும் என்பது மகன் சின்னவனின் ஏற்பாடு.

முதல் வரிசை என்றதும் அப்பா தலையை ஆட்டினார். நெசவாலை எரிந்த நாளிலிருந்து அவர் எந்தக் கூட்டத்திலும் கதவோரத்து நாற்காலியைத் தவிர வேறொன்றில் உட்கார்ந்தவர் அல்லர்.

அன்று ஆலையின் வடக்குக் கேட் பூட்டியிருந்தது. தறிக்கூடத்தில் இருந்தவர்கள் வெளியே வர முடியாமல் மாண்டுபோனார்கள். கேட் காவலர் மூவரிடமும் ஆளுக்கொரு சாவி இருந்தது. மற்ற இருவரும் பிறகு காலமாகிவிட்டார்கள். மிஞ்சியவர் அப்பா; பழியும் அவருக்கே மிஞ்சியது. "நான் அந்த நேரத்துல கேட் பக்கமே போகலை" என்று விசாரணையில் சொன்னதைத்தான் முப்பது ஆண்டுகளாகச் சொல்லிவந்தார். விசாரணை அவரைக் குற்றவாளி என்று சொல்லவில்லை. ஊர் சொல்லிற்று.

அந்தத் தீயில் கணவனைப் பறிகொடுத்த அம்மாள் ஒருவர், ஆண்டுதோறும் அதே நாளில் வீட்டின் எதிர்ச்சாரியில் வந்து நிற்பார். திட்டமாட்டார், மண்ணை வாரித் தூற்றமாட்டார். சற்று நேரம் நின்றுவிட்டுப் போவார். அந்த நிற்றலுக்கு அஞ்சித்தான் அம்மா ஜன்னலுக்குத் தடித்த திரை போட்டாள். திரை இன்னும் இருக்கிறது. அம்மாதான் இல்லை.

இந்த நிலையில்தான் மூத்த மகள் பெரியவளின் கையில் அந்தத் தகர டப்பா கிடைத்தது.

பெரியவள் வேலை பார்ப்பது திரைப்படக் காப்பகத்தில். யாருக்கும் வேண்டாமென்று கிடக்கும் பழைய சுருள்களைப் பிரித்து, அழுக்கு நீக்கி, அறுந்ததை ஒட்டி, என்ன படம், எந்தக் காலம், யார் எடுத்தது என்று கண்டறிந்து கணினியில் ஏற்றுவாள். வரலாற்று ஆவணப்படம் எடுக்கிறவர்கள் அவளைத் தேடித்தான் வருவார்கள். "அந்த அம்மா சரின்னு சொல்லிட்டா அதுக்கு மேல அப்பீல் கிடையாது" என்பது எடிட்டர்களின் கேலி. கேலிதான் என்றாலும் அதில் அவளுக்கு உள்ளூரப் பெருமை உண்டு.

மூடிப்போன ஒரு செய்திப்பட நிறுவனத்தின் கிடங்கிலிருந்து வந்த டப்பாக்களில் ஒன்றில் நெசவாலை இருந்தது. முதலாளியின் வருகையைப் படமெடுக்க வந்த கேமராக்காரர், தீப்பிடித்ததும் அதையும் எடுத்திருக்கிறார். வரிசையாக நிற்கும் குமாஸ்தாக்கள், பூங்கொத்து, கைகுலுக்கல். பிறகு புகை, ஓட்டம், கேட். கேட்டின் முன்னால், முதுகைக் காட்டியபடி, காக்கிச் சீருடையில் ஒருவர். அவருடைய வலக்கை சாவியைப் பூட்டில் நுழைத்து வலப்பக்கம் திருப்புகிறது. அத்துடன் சுருள் முடிந்துவிடுகிறது.

அப்பா இடக்கைக்காரர். மில்லில் அவருக்கு 'நொட்டாங்கை' என்றுதான் பெயர். கையெழுத்திலிருந்து கத்தரிக்கோல்வரை எல்லாமே இடக்கை. வலக்கையால் அவருக்கு ஒரு திருகாணியைக்கூடத் திருகத் தெரியாது. ஆகவே அந்த முதுகு அவருடையது அன்று.

சின்னவன் ஆவணப்பட டைரக்டர். அந்த வலக்கையின் மேல்தான் அவன் தன் படத்தையே கட்டியிருந்தான். சென்ற வாரம் மடிக்கணினியில் அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டியபோது, அப்பா வெகுநேரம் பார்த்துவிட்டு, "கொஞ்சம் தண்ணி குடு" என்று மட்டும் சொன்னார். நிம்மதியில் தொண்டை வறண்டுவிட்டது என்று பிள்ளைகள் இருவரும் எண்ணிக்கொண்டார்கள்.

நண்பகல் தாண்டியதுமே மருமகள் அப்பாவைக் காப்பகத்துக்கு அழைத்துவந்துவிட்டாள். காட்சி நடப்பது அதே கட்டடத்தின் கீழ்த்தளத்து அரங்கில்தான்.

"மாமாவைப் பாருங்க அண்ணி. மாப்பிள்ளை மாதிரி இல்ல?"

"பொண்ணு யாருன்னு முன்னாடியே சொல்லிடுங்க. அங்க போய் முழிக்கக் கூடாது" என்றார் அப்பா. சிரிக்காமல்தான் சொன்னார். நெடுநாளைக்குப் பிறகு அவர் வாயிலிருந்து ஒரு வேடிக்கைப் பேச்சு. பெரியவள் அவருடைய சட்டைக் காலரைச் சரிசெய்தாள்.

"கழுத்துப் பொத்தானை விட்டுடட்டுமாப்பா? மூச்சு முட்டும்."

"முட்டட்டும் விடு. இன்னிக்கு ஒரு நாள்தானே."

பொத்தானைப் போட்டுவிட்டு, அவருடைய மூக்குக்கண்ணாடிக் கூட்டை எடுத்துச் சட்டைப் பையில் செருகினாள். கை பழக்கத்தில் தானாகவே அவருடைய இடப்பக்க மார்புக்குப் போயிற்று. போன கை அங்கேயே நின்றுவிட்டது.

"என்னம்மா?"

"ஒண்ணுமில்லப்பா. இருங்க, இதோ வர்றேன்."

குமாஸ்தாக்களின் வரிசை. அவர்களுடைய பேனாக்கள். பேனா குத்தியிருந்த பைகள் எந்தப் பக்கம் இருந்தன?

தன் அறைக்குள் போய்க் கணினியைத் திறந்தாள். வரிசை முழுக்க, ஒருவர் தவறாமல், பை வலப்பக்க மார்பில் இருந்தது. கைக்கடிகாரம் எல்லோருக்கும் வலக்கையில். இதே காட்சியை எத்தனை முறை பார்த்திருப்பாள். எல்லோர் கண்ணும் கடைசியில் வரும் அந்த ஒரு கைக்காகவே காத்திருந்தது. குமாஸ்தாக்களின் சட்டையை யார் பார்த்தார்கள்?

பருத்திக் கையுறையை மாட்டிக்கொண்டு டப்பாவைத் திறந்தாள். விளக்குப் பலகையின் மேல் சுருளின் நுனியை நீட்டி, பூதக்கண்ணாடியை வைத்தாள்.

படச்சுருளுக்கு இரண்டு முகங்கள். ஒன்று பளபளப்பானது, மற்றது மங்கலானது. கேமராவுக்குள் ஓடிய சுருளைப் பளபளப்பான பக்கத்திலிருந்து பார்த்தால் படம் நேராக இருக்கும். அதன்மேல் இன்னொரு சுருளை ஒட்டவைத்து எடுத்த நகலென்றால் மங்கலான பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும். பக்கத்தை மாற்றிப் பார்த்தால், கண்ணாடியில் தெரிவதைப்போல இடம் வலமாகிவிடும். இரு ஓரங்களிலும் துளை உள்ள சுருள் எப்படி வைத்தாலும் இயந்திரத்தில் ஏறும். தவறென்று அது சொல்லாது. ஆகையால்தான் அதன் ஓரத்தில் அச்சாகியிருக்கும் எழுத்துகளை முதலில் பார்க்க வேண்டும் என்பது பாலபாடம்.

அவளும் பார்க்கத்தான் செய்தாள். பளபளப்பான பக்கத்திலிருந்து ஓரத்து எழுத்துகள் நேராகத் தெரிந்தன. படமும் நேர் என்று எடுத்துக்கொண்டாள். இப்போது பூதக்கண்ணாடியின் கீழ், அந்தக் கறுப்பு எழுத்துகளை ஒட்டி, சாம்பலாக, நிழல்போல், வேறு எழுத்துகள் திரும்பிக் கிடந்தன. அன்று அவற்றைக் கீறல் என்று ஒதுக்கியிருந்தாள். அவை மூலச் சுருளின் எழுத்துகள். நேராகத் தெரிந்தவை நகலெடுக்கப் பயன்பட்ட வெற்றுச் சுருளில் முன்பே அச்சாகியிருந்தவை. அவற்றுக்கும் படத்துக்கும் சம்பந்தமே இல்லை.

இது மூலம் அன்று, நகல். அவள் ஏற்றிய படம் திரும்பிய படம். அந்தக் கை வலக்கை அன்று.

வேறு யாருடைய தகப்பனாக இருந்திருந்தாலும், அந்தக் கீறலைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்க்காமல் விட்டிருக்கமாட்டாள். வலக்கையைக் கண்ட மகள், தன்னுள் இருந்த காப்பகக்காரியை எழுப்பவே இல்லை.

சின்னவன் கைப்பேசியில் பேசிக்கொண்டே உள்ளே வந்தான். முகத்தில் கல்யாண வீட்டுக் களை.

"சேனல்காரங்க வந்தாச்சு. மில் குடும்பங்களும் வர ஆரம்பிச்சுட்டாங்க. எதிர்ல வந்து நிப்பாங்களே, அந்த அம்மாவும் வந்திருக்காங்க. முதல் வரிசையில அப்பா பக்கத்து நாற்காலி. நல்லா இருக்கும்ல அக்கா?"

"டேய், கதவைச் சாத்து."

சாத்தினான்.

"படம் திரும்பியிருக்கு. கண்ணாடியில பார்க்கிற மாதிரி. நான்தான் தப்பா ஏத்தியிருக்கேன்."

"நீயா? தப்பாவா?" அவனுக்குச் சிரிப்பு வந்தது. "விளையாடறதுக்கு வேற நாள் கிடைக்கலையா உனக்கு?"

"வரிசையில நிக்கறவங்க சட்டைப் பையைப் பாரு."

பார்த்தான். சிரிப்பு நின்றது.

"எல்லாருக்கும் ஒரே தையல்காரன் தச்சிருப்பான்."

"வாட்ச் எல்லாம் வலது கையில இருக்கு. அதையும் தையல்காரன்தான் கட்டிவிட்டானா?"

சின்னவன் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தான். கைப்பேசி அதிர்ந்தது, அதை மேசைமேல் கவிழ்த்து வைத்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டான்.

"யாருக்குத் தெரியும்? மில்லே இப்ப இல்ல. ஒரு போட்டோகூட இல்ல."

"எனக்குத் தெரியும்."

"அக்கா, இன்னிக்கு ஒரு நாள். ஒரே ஒரு நாள் உன் ஒழுங்கை மூட்டை கட்டி வை. அந்த மனுஷன் சட்டை போட்டுட்டு வெளிய உக்காந்திருக்கார்."

"பொத்தான் போட்டுவிட்டதே நான்தான். எங்கிட்ட வந்து சொல்றியா?"

"நாளைக்குப் பார்த்துக்கலாம். சேனலுக்குக் குடுக்கறதுக்கு முன்னாடி மாத்திடலாம்."

"மாத்தறதுக்கு இது படத்தோட தலைப்பா? புருஷனையும் புள்ளையையும் குடுத்தவங்க கீழ உக்காந்திருக்காங்க. இன்னிக்கு ஒண்ணைக் காட்டி அழவெச்சுட்டு, நாளைக்கு நீங்க பார்த்தது மாத்திப் பார்த்ததுன்னு சொல்வியா?"

"அப்ப அப்பாதான்னு நம்ம வாயாலயே சொல்லச் சொல்றியா?"

"நான் யாரையும் சொல்லலை. படத்தை நேரா காட்டணும்னு சொல்றேன்."

"நேரா காட்டினா சொன்ன மாதிரிதான்."

அவள் விளக்குப் பலகையின் பக்கம் திரும்பினாள். சுருளை எடுத்தாள். பக்கத்தை மாற்றி இயந்திரத்தில் பூட்டி, கேட் வரும் கடைசிப் பகுதியை மட்டும் மறுபடி ஏற்றினாள். பற்சக்கரங்கள் துளைகளைக் கவ்வி நகரும் ஓசையைத் தவிர அறையில் வேறு ஓசை இல்லை. சின்னவன் ஒரு முறை எழுந்து இயந்திரத்தின் பொத்தானருகில் கையைக் கொண்டுபோனான். பிறகு அந்தக் கையைத் தன் பேண்ட் பைக்குள் விட்டுக்கொண்டான்.

படம் வந்தது. புகை, ஓட்டம், கேட். காக்கி முதுகு.

இடக்கை.

கைகூட வேண்டியதில்லை. இடத்தோளைச் சற்றே இறக்கி, தலையை அதே பக்கம் சாய்த்து, பூட்டோடு ஏதோ இரகசியம் பேசுவதுபோல் நிற்கும் அந்த நிற்பைப் பெரியவள் பிறந்ததிலிருந்து பார்த்திருக்கிறாள். அன்று காலைகூட வீட்டைப் பூட்டும்போது அப்படித்தான் நின்றிருப்பார்.

"இரு, இரு" என்றான் சின்னவன். திரையருகே முகத்தைக் கொண்டுபோனான். "சாவியைப் பாரு. அப்ப வலப்பக்கம் திருப்பின மாதிரி இருந்துச்சு. இப்ப இடப்பக்கம். இடப்பக்கம்னா திறக்கறதுதானே? அக்கா, அப்பா திறக்கறார்."

அவள் அதை முன்பே கண்டிருந்தாள். சொல்லத்தான் இல்லை. பூட்டுக்குப் பூட்டு திசை மாறும். தவிரவும், அதைவிடக் கனமான கேள்வி ஒன்று அவள் நெஞ்சில் உட்கார்ந்திருந்தது.

"திறந்தவர் எதுக்குடா இத்தனை வருஷமா அந்தப் பக்கமே போகலைன்னு சொல்லணும்?"

"இப்பதான் கேட் அது இருக்க வேண்டிய பக்கத்துல இருக்கு."

இருவரும் திரும்பினார்கள். கதவு திறந்திருந்தது. நிலையைப் பிடித்தபடி அப்பா நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்பது தெரியவில்லை.

"அப்பா..." பெரியவள் திரையையும் அவரையும் பார்த்தாள். பிறகு கேட்டாள். "போன வாரம் பார்த்தப்பவே உங்களுக்குத் தெரியுமா?"

"தினமும் நின்ன இடம்மா. தண்ணித்தொட்டி எனக்கு இடப்பக்கம் இருக்கணும். நீங்க காட்டினதுல வலப்பக்கம் இருந்துச்சு."

"அப்பவே ஏன் சொல்லலை?"

அப்பா மகனைப் பார்த்தார்.

"இவன் சின்னப் பையனா இருக்கறப்போ ஸ்கூல்ல இருந்து அழுதுட்டு வருவான். உங்கப்பன்தான் பூட்டினான்னு பசங்க சொல்றாங்கன்னு. வளர்ந்தப்பறம் அழறதில்லையே தவிர, அந்த மூஞ்சி அப்படியேதான் இருந்துச்சு. போன வாரம் அந்தப் படத்தைக் காட்டினான் பாரு, அன்னிக்கு அது இல்ல. எனக்குச் சொல்ல வாய் வரலைம்மா."

சின்னவன் தலையைக் குனிந்துகொண்டான். குனிந்தபடியே கேட்டான்.

"பூட்டினீங்களா, திறந்தீங்களா?"

அப்பாவின் இடக்கை எழுந்து, சட்டைப் பையிலிருந்த கண்ணாடிக் கூட்டை ஒரு முறை தொட்டுப் பார்த்துக்கொண்டது.

"ரெண்டு தடவை சொல்ல எனக்குத் தெம்பில்லடா. ஒரு தடவைதான் சொல்ல முடியும். கேட்க வேண்டியவங்க கீழ உக்காந்திருக்காங்க. நீங்களும் அங்க வந்து கேட்டுக்கோங்க."

"வேணாம்ப்பா. சேனல்காரங்க இருக்காங்க. கேமரா இருக்கு."

"இருக்கட்டும். அன்னிக்கும்தான் இருந்துச்சு." திரையில் உறைந்து நின்ற முதுகை அவர் நோக்கினார். "இதோட அவன் நிறுத்தலை. அப்புறமும் எடுத்தான். கேமரா ஓடற சத்தம் என் காதுல விழுந்துட்டே இருந்துச்சு. மிச்சம் எங்கம்மா?"

பெரியவள் சுருளின் முடிவைப் பார்த்தாள். சுருள் தானாகத் தீர்ந்துபோன முடிவு அன்று அது, கத்தரித்த முடிவு. இது நகலென்றால் மூலம் எங்கோ இருக்க வேண்டும். யாரோ நகலெடுத்து, யாரோ அளந்து வெட்டி, இந்த இடம்வரைக்கும் போதும் என்று முடிவு செய்திருக்கிறார்கள்.

"இங்க இல்லப்பா."

"சரி. இருக்கறதைப் போடு. நேரா போடு."

அவர் படியிறங்கப் போனார். மருமகள் ஓடிவந்து கையைப் பிடித்தாள், அவர் மறுக்கவில்லை. சின்னவன் மட்டும் எழவில்லை. கவிழ்த்து வைத்த கைப்பேசி மேசைமேல் நடுங்கிக்கொண்டே இருந்தது.

பெரியவள் புரொஜெக்டர் அறைக்குப் போனாள். அரங்கின் பின்சுவரில், உயரத்தில் இருக்கும் சிறிய அறை. கெட்டியான கண்ணாடிச் சதுரம் ஒன்றின் வழியாக அரங்கு முழுவதும் தெரியும், பேச்சு கேட்காது. கேட்க வேண்டுமென்றால் சுவரிலுள்ள சிறிய ஒலிபெருக்கியைப் போட வேண்டும். அவள் போடவில்லை.

கீழே பாதி நாற்காலிகள் நிறைந்திருந்தன. நரைத்த தலைகள். முதல் வரிசையில் அந்த அம்மாள். அவர் பக்கத்தில் ஒரு காலி நாற்காலி.

அவள் விளக்குகளைத் தணித்து, முழுப்படத்தை விட்டுவிட்டு, அந்தச் சிறுபகுதியை மட்டும் ஓட்டினாள். புகை, ஓட்டம், கேட். இடக்கை சாவியைத் திருப்பியதும் படத்தை அப்படியே நிறுத்தினாள்.

அரங்கில் ஒருவர் எழுந்தார். இன்னொருவர் திரையை நோக்கிக் கை நீட்டிப் பேசினார். சேனல்காரர்களின் கேமரா பக்கவாட்டில் நகர்ந்தது. அந்த அம்மாள் மட்டும் அசையவே இல்லை.

அப்பா நடுவழியில் நடந்து போய்க்கொண்டிருந்தார். மேலிருந்து பார்க்கையில் அவருடைய முதுகுதான் தெரிந்தது. திரையில் ஒரு முதுகு. கீழே, வயதேறிக் கூனிய அதே முதுகு. இடத்தோள் இரண்டிலும் இறங்கியிருந்தது. முதல் வரிசையைத் தாண்டித் திரையின் அடியில் போய் நின்று, தம்மைத் தாமே அண்ணாந்து பார்த்தார்.

திரையில் இருந்தவர் கடைசிவரை திரும்பவில்லை. கீழே நின்றவர் திரும்பினார்.

உதடுகள் அசைந்தன. இடக்கை உயர்ந்தது, காற்றில் இல்லாத ஒரு பூட்டில், இல்லாத ஒரு சாவியைத் திருப்பிக் காட்டியது. அதைத் திருப்பியதுமே அவர் திரைச்சுவரைப் பிடித்துக்கொண்டார். யாரும் அருகில் போகவில்லை. பக்கவாட்டுக் கதவு திறந்தது. சின்னவன் உள்ளே வந்து, வந்த இடத்திலேயே நின்றான்.

அந்த அம்மாள் எழுந்தார்.

முப்பது ஆண்டுகள் எதிர்ச்சாரியில் நின்றவர், எழுந்து, காலி நாற்காலியைத் தூக்கிக்கொண்டு அவரை நோக்கி நடந்தார். அது எதற்காக என்று பெரியவளுக்குப் புரியவில்லை. ஒலிபெருக்கியின் பொத்தானை அழுத்தினாள். முதலில் இரைச்சல்தான் வந்தது. நாற்காலியின் கால்கள் தரையில் படும் ஓசை வந்தது.

"உக்காந்து சொல்லுங்க" என்றது அந்தக் குரல். அவள் அதை அதுவரை கேட்டதே இல்லை. "நாங்க எங்கயும் போயிடமாட்டோம்."